கல்வெட்டில் எந்த வரி என்று கேட்டது குற்றமா?

நேற்றைய நேரலையைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. "ஆதித்த கரிகாலனைக் கொன்றது உத்தம சோழன்தான், கல்வெட்டே சொல்கிறது" என்று அதில் பேசியவர் அடித்துச் சொன்னார். ஆதித்தன் சோழ இளவரசன், ராஜராஜனின் அண்ணன்; உத்தமன் ராஜராஜனுக்கு முன் அரியணையில் இருந்தவர். எந்த வரியில் என்று மரியாதையாகத்தான் கேட்டேன். என் பின்னூட்டத்தையே தூக்கிவிட்டார்கள். சரி, இங்கே எழுதுகிறேன்.

உடையார்குடிக் கல்வெட்டு கொலையாளி என்று உத்தமனைச் சொல்லவில்லை. அதில் இருப்பவர்கள் சோமன், ரவிதாசனான பஞ்சவன் பிரமாதிராஜன், பரமேஸ்வரனான இருமுடிச்சோழ பிரமாதிராஜன். இவர்கள் சொத்தையும் உறவினர் சொத்தையும் பறிக்கச் சொல்லும் ஆணை, ராஜராஜனின் 2ஆம் ஆட்சியாண்டில் வீரநாராயணச் சதுர்வேதிமங்கலம் என்ற பிராமண ஊரின் சபைக்குப் போனது. ஏவியது யார் என்று அதில் இல்லை. இல்லவே இல்லை.

அந்தக் கல்வெட்டு இருக்கும் காட்டுமன்னார்கோயில் அனந்தீசுவரர் கோயில் சுவர் முன்னால் ஒரு மாலை முழுக்க நின்றிருக்கிறேன். புள்ளியில்லாத எழுத்து, டார்ச்சைப் பக்கவாட்டில் பிடித்தால்தான் பள்ளம் தெரியும். 'த்ரோஹிகளான' என்ற சொல்லைப் பிடிக்கவே அரைமணி நேரம் ஆனது. அன்றைக்கு நானும் உத்தமன் பெயரைத்தான் தேடிப் போயிருந்தேன். கிடைக்கவில்லை, என் எண்ணத்தை மாற்றிக்கொண்டேன். அவ்வளவுதான் நான் செய்தது.

"வரலாற்றாசிரியர் நீலகண்ட சாஸ்திரியே உத்தமனைச் சந்தேகப்பட்டாரே" என்பீர்கள். பட்டார். சந்தேகம் என்றுதான் எழுதினார், கல்லில் வெட்டியிருக்கிறது என்று எழுதவில்லை. "லாபம் யாருக்கு?" என்பீர்கள். அந்தக் கணக்கில் 985இல் அரியணை ஏறிய ராஜராஜனும் வருவார். அதைச் சொன்னால் மட்டும் அடிக்க வருகிறீர்கள். பிரமாதிராஜன் என்பது அரசு தரும் பட்டம், ஆகவே கொலையாளிகள் அரண்மனைக்கு வேண்டியவர்களாக இருந்தவர்கள். அதை ஒப்புக்கொள்கிறேன். அதற்கு மேல் ஒரு அடிகூட நகர மாட்டேன். உத்தமனின் மகன் மதுராந்தகன் கண்டராதித்தன் ராஜராஜன் ஆட்சியில் கோயில் காரியங்களைக் கவனித்தவர். அண்ணனைக் கொன்றவன் மகனை அப்படிப் பக்கத்தில் வைத்திருப்பாரா? இதை ஏன் யாருமே பேசுவதில்லை?

எனக்கு வருத்தமெல்லாம் உத்தமனின் தாய் செம்பியன் மாதேவியை நினைத்துத்தான். கணவர் கண்டராதித்தர் போன பிறகு, சிறு பிள்ளையை வைத்துக்கொண்டு, ஊர் ஊராகக் கற்றளி, அதாவது கற்கோயில், எடுப்பித்த அம்மா. கோனேரிராஜபுரத்தில் கண்டராதித்தர் சிவனை வணங்குவதுபோல் செதுக்க வைத்திருக்கிறார். அந்தச் சிறிய சிற்பம் நேற்று ராத்திரி முழுக்கக் கண்ணிலேயே நின்றது. அவர் பெற்ற பிள்ளையைக் கொலைகாரன் என்று சிரித்துக்கொண்டே பகிர்கிறார்கள், என் நண்பர்களும்தான்.

இன்னும் பதில் வரவில்லை. எந்த வரி?