கொல்லைப்புறக் கதவைத் திறந்துவைத்தது யார்?

"மனுதாரர் முற்றிலும் தற்காலிக அடிப்படையில் அமர்த்தப்பட்டவர். பணிநிரந்தரம் கோர அவருக்கு எந்த உரிமையும் இல்லை." அரசுக் கல்லூரியில் தொகுப்பூதியத்தில் பாடம் எடுக்கும் தற்காலிக ஆசிரியன் நான். பணிநிரந்தரம் கேட்டு நீதிமன்றத்தில் நான் போட்ட ரிட் மனுவுக்கு அரசுத் தரப்பு பதிலாகத் தந்த எதிர் மனுவின் முக்கிய வரி இது. அடுத்த பத்தி இன்னும் அழகு. உரிய தேர்வு நடைமுறை இல்லாமல் கொல்லைப்புறமாக வந்தவனாம் நான்!

ஐயா, நேர்காணல் நடத்தியது யார்? முனைவர் பட்டத்தையும் நெட் என்ற ஆசிரியர் தகுதித் தேர்வுச் சான்றிதழையும் சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டது யார்? ஆண்டுதோறும் ஜூன் மாதம், "பணிநிரந்தரம் கோரமாட்டேன்" என்ற உறுதிமொழியை நீட்டி, கையெழுத்திட்டால்தான் வகுப்பு என்றது யார்? காலிப்பணியிடத்தை நிரப்பாமல் போட்டுவைத்துவிட்டு, அதே இடத்தில் எங்களை வைத்து வேலையையும் வாங்கிக்கொண்டு, இப்போது முறைப்படி வரவில்லை என்றால் என்ன நியாயம்?

கல்லூரியைத் தரமதிப்பீடு செய்யும் தேசிய அமைப்பான நாக்கின் குழு வரும்போது மட்டும் நாங்கள் தற்காலிகம் இல்லை. துறை அறைச் சுவரில் மாட்டிய பட்டியலில் என் பெயர், முனைவர் பட்டத்தோடு, தடித்த எழுத்தில் இருந்தது. குழு பஸ் ஏறிய மறுநாளே தற்காலிகங்களுக்கான தனி வருகைப் பதிவேடு மேசைக்கு வந்துவிட்டது. விடைத்தாள் திருத்தவும் சேர்க்கைப் பணிக்கும் நாங்கள் வேண்டும். சம்பளத்துக்கு மட்டும் மே மாதம் என்ற ஒன்றே கிடையாது; ஆண்டுக்கு 11 மாதத் தொகுப்பூதியம்தான்.

பல்கலைக்கழக மானியக் குழு 2019-லேயே எங்களைப் போன்றவர்களுக்கு ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய், மாதம் அதிகபட்சம் 50,000 வரை என்று வழிகாட்டியது. இங்கே இழுத்துப் பறித்து 25,000-க்கு வந்திருக்கிறது. பக்கத்து அறையில் அதே பாடத்தை எடுக்கும் உதவிப் பேராசிரியரின் தொடக்க அடிப்படை ஊதியம் மட்டும் 57,700.

இதைவிட வயிறு எரிவது பதவி உயர்வு விஷயத்தில்தான். எங்களில் ஒருவர் எப்படியோ நிரந்தரமாகிவிட்டார் என்றே வைத்துக்கொள்ளுங்கள். தற்காலிகமாக உழைத்த பழைய ஆண்டுகளைப் பதவி உயர்வுக்குக் கணக்கில் எடுங்கள் என்று கேட்டால், மானியக் குழுவின் 2018 ஒழுங்குமுறைகளில் 10-ஆவது பிரிவைக் காட்டுவார்கள். தற்காலிகப் பணிக்காலமும் சேரலாம். ஆனால் அப்போது வாங்கிய மொத்த ஊதியம், நிரந்தர உதவிப் பேராசிரியரின் மாதச் சம்பளத்துக்குக் குறையாமல் இருந்திருக்க வேண்டுமாம். குறைத்துக் கொடுத்தவர்களே, குறைவாக வாங்கினாய், அதனால் அந்த ஆண்டுகள் செல்லாது என்கிறார்கள். இந்த வரியை எழுதியவர் ஒரு மாதமாவது தொகுப்பூதியத்தில் வீட்டு வாடகை கட்டியிருப்பாரா?

நீதிமன்றத்துக்குப் போ என்பார்கள். போனோமே. "மனுதாரரின் கோரிக்கையை 12 வாரங்களில் பரிசீலிக்கவும்" என்று உத்தரவு வரும். வெற்றி என்று இனிப்பு கொடுப்போம். அவர்களும் பரிசீலிப்பார்கள். "விதிகளில் இடமில்லை" என்று அரைப் பக்கக் கடிதம் வரும். அந்தக் கடிதத்தை எதிர்த்து இன்னொரு ரிட், இன்னொரு வக்காலத்து, இன்னொரு கட்டணம். அவமதிப்பு வழக்கும் போட முடியாது, பரிசீலித்துவிட்டார்களே! தப்பித்தவறி தனி நீதிபதி நம் பக்கம் தீர்ப்பளித்துவிட்டால் மேல்முறையீடு தயாராக இருக்கும். அவர்கள் வழக்கறிஞருக்கு அரசுப் பணம், என் வழக்கறிஞருக்கு என் மனைவியின் வளையல்.

எல்லா எதிர் மனுவிலும் உமாதேவி வழக்கு வந்துவிடும். முறையான தேர்வில் வராத தற்காலிகப் பணியாளர் பணிநிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்று 2006-இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தந்த அந்தத் தீர்ப்பைச் சொல்லியே கோரிக்கையைக் கொன்றுவிடுவார்கள். அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், உரிய தகுதியோடு, நீதிமன்ற உத்தரவின் தயவில்லாமல் 10 ஆண்டுகள் உழைத்தவர்களை ஒருமுறை நடவடிக்கையாக நிரந்தரமாக்கலாம் என்று அதே தீர்ப்பு சொல்வதை மட்டும் தாண்டிப் போய்விடுவார்கள். 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில், உழைப்பவரின் நியாயமான கோரிக்கையை மறுக்க உமாதேவியை ஆயுதமாக்காதீர்கள் என்று உச்ச நீதிமன்றமே கண்டித்தது. 2025 ஆகஸ்டில் குஜராத் அரசுப் பொறியியல் கல்லூரிகளின் ஒப்பந்த ஆசிரியர்கள் வழக்கில், மாதம் 30,000 ரூபாயில் அவர்களை வைத்திருந்ததைப் பார்த்து, மேடையில் "குருர் பிரம்மா" என்று ஆசிரியரைத் தெய்வமாக்கிப் பாடினால் மட்டும் போதாது, நடத்தும் விதத்தில் அந்த மரியாதை தெரிய வேண்டும் என்றது. இந்தத் தீர்ப்புகளின் நகலை என் வழக்கறிஞர் கோப்பில் வைத்திருக்கிறார். எதிர்த்தரப்போ கூடுதல் எதிர் மனுவுக்கு மேலும் அவகாசம் கேட்டிருக்கிறது.

அவகாசம் அவர்களிடம் ஏராளமாக இருக்கிறது. எனக்கு இல்லை. முனைவர் பட்டம் உள்ள உதவிப் பேராசிரியர் இணைப் பேராசிரியராக நான்கு, ஐந்து, மூன்று என மூன்று கட்டங்களில் 12 ஆண்டுகள் வேண்டும். பழைய ஆண்டுகளைச் சேர்க்காமல், 48 வயதில் என்னை நிரந்தரமாக்கினால் 60-இல் பதவி உயர்வு ஆணையும் ஓய்வு ஆணையும் ஒரே உறையில் வரும். ஒரு தபால்தலைச் செலவாவது துறைக்கு மிச்சம்.