சர்ச்சில் கால் யார் பட்டாவுல இருக்கு?

வாஷிங்டன்ல மாசசூசெட்ஸ் அவென்யூன்னு ஒரு தெரு, ஊர்க்காரங்க எம்பசி ரோ, அதாவது தூதரக வரிசைன்னு சொல்லுவாங்க, ரெண்டு பக்கமும் வரிசையா எந்தெந்த நாட்டுக் கொடியோ தொங்கும். பேரன் பொறந்து 28 நாள், வீட்டுல ரெண்டு பாட்டியும் ஒன்னு சேந்துக்கிட்டு "ஆம்பளைங்க ரெண்டு பேரும் இங்க உக்காந்து தும்மிக்கிட்டே இருந்தா குழந்தை எப்படித் தூங்கும், எங்கயாச்சும் போயிட்டு வாங்க"ன்னு தொரத்திவிட்டதுல டூர்ல வந்து மாட்டினவங்க இவங்க. சுந்தரம், கும்பகோணம், ரிட்டயர்டு போஸ்ட்மாஸ்டர், பொண்ணைப் பெத்தவர். முத்தையா, மேலூர், ரிட்டயர்டு சர்வேயர், பையனைப் பெத்தவர். டூப்பான்ட் சர்க்கிள்ல எறக்கிவிட்டுட்டு ஒரு மணிக்கு இதே எடத்துக்கு கார் கொண்டு வரேன்னு சொல்லிட்டுப் போயிட்டாரு மாப்பிள்ளை. சுந்தரம் கால்ல இருக்கறது மாப்பிள்ளையோட ஷூ.

முத்தையா: ஷூ எப்படி இருக்கு சம்பந்தி? நான்தான் எடுத்துக் குடுக்கச் சொன்னேன். பய ரெண்டே தடவைதான் போட்டிருக்கான்.

சுந்தரம்: பஞ்சு மாதிரி இருக்கு சம்பந்தி. (கட்டைவிரல் ரெண்டும் உள்ள மடங்கிக் கெடக்கு.)

முத்தையா: இந்த டூருக்கு டிக்கெட் எவ்வளவு?

சுந்தரம்: ஃப்ரீயாம். முடிஞ்சதும் நமக்கா மனசுல பட்டதக் குடுக்கணுமாம்.

முத்தையா: அதுக்குப் பேரு ஃப்ரீயா? தீபாராதனைத் தட்டு சம்பந்தி அது. டிக்கெட்டுன்னாகூட ஒரு கணக்கு இருக்கும், தட்டுன்னா பக்கத்துல நிக்கிறவன் போடுறதப் பாத்துல்ல போடணும்.

சுந்தரம்: சரி சரி, டூர் கைடு பொண்ணு பேச ஆரம்பிச்சிருச்சு. மொதல் வீடு இந்தோனேசியா எம்பசி.

முத்தையா: அட, வாசல்ல வெள்ளை வெளேர்னு நிக்கிறது நம்ம சரஸ்வதில்ல?

சுந்தரம்: சாட்சாத் சரஸ்வதி. 16 அடியாம். அங்க முஸ்லிம்தான் அதிகம், ஆனா பாலித் தீவுல இன்னும் நம்ம சாமிங்களக் கும்பிடறாங்க. கால்மாட்டுல பசங்க புஸ்தகம் படிக்கிற மாதிரி வச்சிருக்காங்க பாருங்க. (குனியறார்) சாமி முன்னாடி ஷூவோட நிக்கப்படாது, கழட்டிரட்டுமா?

முத்தையா: நடுரோட்டுல எதுக்கு, மனசுல கும்பிட்டுக்கங்க. என்ன சொல்லுது அந்தப் பொண்ணு?

சுந்தரம்: இந்த வீட்டக் கட்டினவரு தாமஸ் வால்ஷ், அயர்லாந்துலேருந்து பொழைக்க வந்த ஆளு, கொலராடோ மலையில தங்கச் சுரங்கம் கெடைச்சு கோடீஸ்வரனாயிட்டாரு, 1903ல இத 60 ரூமோட கட்டி முடிக்கறப்ப 8,35,000 டாலர் ஆச்சாம். வாசப்படிக்கிட்ட தங்கம் இருக்கற பாறை ஒன்ன பதிச்சு வச்சாருன்னு சொல்றாங்க.

முத்தையா: (படிகிட்ட போயி உத்துப் பாக்குறார்) எந்தப் படி?

சுந்தரம்: சம்பந்தி, கேமரா இருக்கு, வாங்க இந்தப் பக்கம். அப்ப இந்தத் தெரு முழுக்க இந்த மாதிரி பணக்காரங்க வீடுதானாம், மில்லியனர்ஸ் ரோன்னே பேரு. 1929ல ஷேர் மார்க்கெட் கவுந்துச்சு பாருங்க, அதுக்கப்புறம் வேலைக்காரங்களுக்கு சம்பளம் போட முடியல, வரி கட்ட முடியல, ஒவ்வொன்னா வித்துட்டாங்க. அரண்மனைய வாங்கி ஆபீஸ் போடறதுக்கு வேற யாரு வருவா, வெளிநாட்டு கவர்மென்ட்டுதான் வந்துச்சு.

முத்தையா: எங்க பக்கம் செட்டிநாட்டு வீட்டுக்கும் இதே கதிதான சம்பந்தி. பர்மாவுல சம்பாதிச்சது போச்சு, பொறவு தேக்குத் தூணு தனி, கதவு தனி, நெலைவாசல் தனின்னு கழட்டி வித்தாய்ங்க. இங்க அப்படியே முழுசா வித்துட்டாய்ங்க, அது ஒன்னுதான் வித்தியாசம். இந்தோனேசியாக்காரன் என்ன வெலைக்கு வாங்கினானாம்?

சுந்தரம்: 1951ல 3,35,000.

முத்தையா: 48 வருசத்துல வெலை ஏறாம பாதிக்கும் கீழ போயிருக்கா? என் சர்வீஸ்ல நெலம் கீழ போயி நான் பாத்ததே இல்ல, பத்திரத்துல எழுதறப்ப மட்டும்தான் கீழ போகும்.

சுந்தரம்: இதக் கேளுங்க. வால்ஷோட பொண்ணு ஈவ்லின்கிட்டதான் ஹோப் வைரம் இருந்துச்சாம். நம்ம கோல்கொண்டா வைரம், 45 காரட்டுக்கு மேல, அத வளக்குற நாய்க் கழுத்துல மாட்டிவிட்டு வெளையாடுவாங்களாம் அந்தம்மா.

முத்தையா: நாய்க்கா? நம்ம வீட்டுக் கல்யாணத்துல அரை பவுனு கொறஞ்சதுக்கு எங்க பெரியம்மா ஒரு மணி நேரம் மூஞ்சியத் தூக்கி வச்சிருந்துச்சு.

சுந்தரம்: (காது கேக்காத மாதிரி) அப்புறம் அத வாங்கின நகைக்கடைக்காரர் ஹாரி வின்ஸ்டன் 1958ல இங்க மியூசியத்துக்கு தானமாக் குடுத்தாரு. நியூயார்க்லேருந்து எப்படி அனுப்பினாருன்னு நெனைக்கிறீங்க? போலீசு இல்ல, பீரங்கி இல்ல, பிரவுன் பேப்பர்ல சுத்தி ரிஜிஸ்டர் போஸ்ட்டு சம்பந்தி! தபால் கட்டணம் 2 டாலர் 44 சென்ட், மிச்சம் இன்ஷூரன்ஸ், மொத்தம் 145 டாலர் 29 சென்ட். (கண் கலங்குது) இந்தப் பொண்ணு வாயால இதக் கேக்கறதுக்கே நான் பிளேன் ஏறி வந்திருக்கணும். நம்ம ஊர்ல 2025ல ரிஜிஸ்டர் போஸ்ட்டையே ஸ்பீட் போஸ்ட்டோட சேத்து விட்டுட்டாங்க.

முத்தையா: அழுவாதீங்க, எல்லாரும் பாக்குறாய்ங்க.

சுந்தரம்: ஆனா அதக் கொண்டுபோயி டெலிவரி பண்ணின போஸ்ட்மேன் கால்ல பின்னாடி லாரி ஏறிருச்சாம். வைரத்தோட சாபம்னாங்க.

முத்தையா: வைரம் என்ன செய்யும், தபால்காரன் காலுன்னாலே அடிபடத்தான செய்யும்.

சுந்தரம்: (ஷூவைப் பாத்துக்கிட்டே) வாஸ்தவம் சம்பந்தி.

(அடுத்து இந்திய எம்பசி. எதிர்த்தாப்புல முக்கோணமா சின்னப் பார்க், நடுவுல தடியூன்றி நடக்குற காந்தி. 2000ல வாஜ்பாய் வந்தப்ப கிளின்டனும் கூட இருந்து தெறந்து வச்ச சிலை. ரெண்டு பேரும் கையெடுத்துக் கும்பிட்டு, போட்டோ எடுத்து, அதுல விரல் விழுந்து, திரும்ப எடுத்து, அதுக்குள்ள குரூப் ஒரு பர்லாங் போயிருச்சு. வேக வேகமா நடந்து ஷெரிடன் சர்க்கிள்ல போயி சேர்றாங்க.)

சுந்தரம்: அந்தோ துருக்கி தூதரோட வீடு. பாட்டில் கம்பெனி முதலாளி எவரெட் கட்டினது. 1930கள்ல இங்க இருந்த தூதரோட பசங்களுக்கு ஜாஸ் சங்கீதம்னா உசுரு. கறுப்பர், வெள்ளையர் சேந்து உக்காந்து சாப்பிடவே எடம் இல்லாத ஊரு இது, அப்பவே கறுப்பினக் கலைஞர்களக் கூப்ட்டு வச்சு வாசிக்க சொல்லுவாங்களாம். தெக்கத்தி செனட்டர் ஒருத்தர் லெட்டர் போட்டாராம், அவங்க உங்க முன்வாசல் வழியா உள்ள போறத நம்மாளு பாத்தாங்கன்னு. அதுக்கு தூதரு, எங்க வீட்டுக்கு நண்பர்கள் முன்வாசல் வழியாத்தான் வருவாங்க, நீங்க வேணா வாங்க, கொல்லைவாசல் தெறந்து வைக்கறோம்னு பதில் போட்டாராம்.

முத்தையா: சபாஷ். அந்த லெட்டரு ஒழுங்காப் போயி சேந்துச்சா?

சுந்தரம்: லோக்கல் தபால்தான, மறுநாளே போயிருக்கும்.

முத்தையா: இங்க ஓரத்துல தரையோட ஒரு சின்னக் கல்லு இருக்கு பாருங்க, எல்லோரும் தாண்டிப் போறாய்ங்க.

சுந்தரம்: அது… சிலி நாட்டு முன்னாள் மந்திரி லெட்டெலியர். 1976ல இந்த ரவுண்டானாவுல கார்ல குண்டு வச்சுட்டாங்க. அவருகூட வேலை பாத்த பொண்ணும் போயிருச்சு, 25 வயசு.

முத்தையா: இவ்வளவு அமைதியான தெருவுல.

(கொஞ்ச தூரம் ரெண்டு பேரும் பேசல.)

முத்தையா: ஆமா, ஒரு சந்தேகம். இந்த கேட்டைத் தாண்டினா அந்தந்த நாடாயிருமாமே, நெசமா? அப்ப ஜப்பான் கேட்டுக்குள்ள ஒரு கால வச்சா விசா கேப்பானா?

சுந்தரம்: அதத்தான் அந்தப் பொண்ணு இப்ப சொல்லுச்சு, எல்லாரும் அப்படித் தப்பா நெனைக்கறாங்களாம். 1961ல வியன்னால ஒப்பந்தம் போட்டாங்க. நெலம் என்னைக்கும் அமெரிக்கா நெலம்தான், ஆனா தூதர் சம்மதம் இல்லாம லோக்கல் போலீஸ் உள்ள கால் வைக்கப்படாது. அவங்க தபால் பைய யாரும் பிரிச்சுப் பாக்கப்படாது, நிறுத்தி வைக்கவும் படாது! நான் எத்தன பைக்கு அரக்கு சீல் வச்சிருக்கேன், ஒருத்தராச்சும் எனக்கு இந்த மரியாதை குடுத்தாங்களா? எம்பசிக் கட்டடத்துக்கு வீட்டு வரியும் கெடையாது.

முத்தையா: என்னது, வரி கெடையாதா? (நின்னுட்டார்) இதுக்கு எப்படி மனு போடணும்?

சுந்தரம்: மொதல்ல ஒரு நாடு வேணும் சம்பந்தி. (திடீர்னு முகம் மலருது) அதோ மினார் தெரியுது, மசூதி! 1957ல தெறந்தது. துருக்கித் தூதர் ஒருத்தர் 1944ல இறந்தப்ப தொழுகை நடத்த இந்த ஊர்ல ஒரு மசூதி இல்லையேன்னு ஆதங்கப்பட்டுக் கட்டினதாம். அந்த முன்வாசல்காரர்தான்! உள்ள போகணும்னா ஷூ கழட்டணும், வாங்க வாங்க, சீக்கிரம்.

(அஞ்சு நிமிஷம். குளுகுளு கம்பளத்துல கால வச்சு சுந்தரம் கண்ண மூடி நிக்கறார், பாக்கறவங்களுக்கு பெரிய பக்தி மாதிரி இருக்கு. வெளிய வந்தா வீங்கின கால் உள்ள போக மாட்டேங்குது.)

முத்தையா: என்ன சம்பந்தி, பின்பக்கத்த மிதிச்சு செருப்பு மாதிரிப் போட்டுட்டு வரீங்க?

சுந்தரம்: காத்து போகட்டும்னு.

(பாலம் தாண்டி நடந்தா ஒரு பெரிய பூட்டின வீடு, ஆள் அரவம் இல்ல. ஈரான் எம்பசி.)

முத்தையா: இது ஏன் பாழடைஞ்சு கெடக்கு?

சுந்தரம்: 1980ல ரெண்டு நாட்டுக்கும் பேச்சுவார்த்தை அறுந்துபோச்சு, அன்னைக்குப் பூட்டினது. அதுக்கு முன்னாடி இங்க நடக்காத விருந்தில்லையாம். இப்ப அமெரிக்க கவர்மென்ட்டே பாத்துக்குது.

முத்தையா: இத்தன வருசம் பூட்டின வீட்டுல ஒருத்தன் கூட வந்து டீக்கடை போடலியா? நம்ம ஊருன்னா 12 வருசத்துல அனுபவ பாத்தியதைன்னு கேஸ் போட்டு, கரண்ட் கனெக்‌ஷன் வாங்கி, மாடியில ரெண்டு போர்ஷன் வாடகைக்கு விட்டிருப்பாய்ங்க.

சுந்தரம்: கடைசி ஸ்டாப்பு வந்திருச்சு, பிரிட்டிஷ் எம்பசி. டெல்லில ராஷ்டிரபதி பவனைக் கட்டின அதே லட்யன்ஸ்தான் இதையும் கட்டினாராம். வாசல்ல சுருட்டோட நிக்கறது சர்ச்சில், 1966ல வச்சது. எதுத்தாப்புல தென்னாப்பிரிக்கா எம்பசி, அங்க மண்டேலா கைய ஓங்கிக்கிட்டு நிக்கறாரு.

முத்தையா: இவரு அந்த சர்ச்சில்தான? காந்தியப் பாத்து அரை நிர்வாணப் பக்கிரின்னாரே?

சுந்தரம்: அவரேதான். ரெண்டு பேரும் இப்ப ஒரே தெருவுல இருக்காங்க. சரி கேளுங்க, சர்ச்சில் அம்மா அமெரிக்காக்காரங்க, அதனால சிலைய ஒரு கால் பிரிட்டிஷ் எடத்துலயும் ஒரு கால் அமெரிக்கா எடத்துலயும் இருக்கற மாதிரி வச்சிருக்காங்களாம்.

முத்தையா: (கண்ணாடியத் தொடச்சுப் போட்டுக்கிட்டு சிலைய ரெண்டு சுத்து சுத்தி வரார்) எல்லைக் கல்லு எங்க?

சுந்தரம்: கல்லெல்லாம் இருக்காது சம்பந்தி, இது ஒரு இதுக்காக…

முத்தையா: எதுக்காக? இந்தப் பொண்ணுதான மசூதிக்கு முன்னாடி சொல்லுச்சு, எம்பசி நெலமும் அமெரிக்கா நெலம்தான், உள்ள போகத்தான் சம்மதம் வேணும்னு? அப்ப ரெண்டு காலும் அமெரிக்காலதான இருக்கு? 34 வருசம் சங்கிலி புடிச்சிருக்கேன், ஒருத்தன் வரப்புல நின்னுக்கிட்டு ஒரு கால் உன்னுது ஒரு கால் என்னுதுன்னா நாங்க எழுதிக்கிட்டு வந்துருவமா? கேளுங்க அந்தப் பொண்ணுகிட்ட.

(சுந்தரம் போயி கேக்கறார். அந்தப் பொண்ணு வாயத் தெறந்து, மூடி, சர்ச்சிலப் பாத்து, சிரிச்சு, எட்டு வருஷமா இந்த டூர் நடத்தறேன், யாரும் இதக் கேக்கலைங்குது.)

முத்தையா: உட்பிரிவு பண்ணாம சிலை வச்சா இப்படித்தான். சரி, தட்டுல என்ன போடலாம்? மருமக குடுத்த 20 டாலர் எங்கிட்ட இருக்கு.

சுந்தரம்: நீங்க எதுக்கு, நான் பொண்ணு வீட்டுக்காரன், நான் குடுக்கறேன். (பர்ஸத் தெறந்தா அஞ்சு 500 ரூபாய் நோட்டு, அதுலயும் காந்தி.) சம்பந்தி, அந்த நோட்டு என் பொண்ணு குடுத்ததுதான, அப்ப அது எங்க காசு.

முத்தையா: உங்க பொண்ணு எங்க வீட்டு மருமகல்ல? எங்க காசு.

சுந்தரம்: சம்பளம் அவ வாங்கறது.

முத்தையா: சரி விடுங்க, கூட்டுப் பட்டா. அந்தப் பக்கத்து முனையப் புடிங்க.

(ஆளுக்கொரு முனையப் புடிச்சு நீட்டறாங்க. ரெண்டு பேரும் விட மாட்டேங்கறதப் பாத்து அந்தப் பொண்ணு, கஷ்டம்னா வேணாம் ஐயா பரவால்லைன்னுச்சு. அப்புறம்தான் விட்டாங்க.)

முத்தையா: இப்ப எப்படித் திரும்பிப் போறது? பஸ்ஸுக்குக் காசு?

சுந்தரம்: போச்சு. என் போன் வைஃபை இருந்தாத்தான் பேசும். நடக்கணும், ஒரு மைலுக்கு மேல.

(நடக்கறாங்க. மசூதி, ஜப்பான், ஷெரிடன், எல்லாம் திரும்ப வருது. காந்தி சிலைகிட்ட வந்ததும் சுந்தரம் பார்க் ஓரத்துல தொப்புன்னு உக்காந்து ஷூவக் கழட்டறார். முத்தையா அதத் தூக்கி உள்ள பாக்கறார்.)

முத்தையா: 8ன்னுல்ல போட்டிருக்கு! உங்க காலு?

சுந்தரம்: 10.

முத்தையா: அடப்பாவமே, காலைலயே சொல்ல வேண்டியதுதான?

சுந்தரம்: மாப்பிள்ளை ஷூ, அவரப் பெத்த நீங்க பக்கத்துல நின்னு எப்படி இருக்குன்னு கேக்கறீங்க. கடிக்குதுன்னு எந்த வாயால சொல்லுவேன்?

முத்தையா: (சிலைய நிமிந்து பாத்து) இந்த மனுசன் தண்டிக்கு எவ்வளவு தூரம் நடந்தாரு சம்பந்தி?

சுந்தரம்: 240 மைல். 24 நாள்.

முத்தையா: அந்த வயசுல எப்படித்தான் முடிஞ்சுச்சோ.

சுந்தரம்: அவருக்கென்ன சம்பந்தி, பொறந்தது நாலும் பையன்.