தானே அனுப்பிய படம் என்றால் குற்றமில்லையா?

ஒரு பெண் பிள்ளை நம்பி அனுப்பிய அந்தரங்கப் படத்தை அதைப் பெற்றவர் பிறருக்குப் பகிர்ந்தது பற்றிய பேச்சில், "அந்தப் பிள்ளை தானாகவே அனுப்பிய படம், அதைப் பிறருக்கு அனுப்பியவர் மீது வழக்கு வராது" என்று ஹட்டன் நண்பர் ஒருவர் எழுதியுள்ளார். மன்னிக்கவும், அது சரியன்று.

ஒருவரை நம்பி அனுப்பியது அவருக்கு மட்டுமான சம்மதம். இலங்கையின் 2024ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நிகழ்நிலைக் காப்புச் (இணையவழிப் பாதுகாப்பு) சட்டத்தின் 20ஆம் பிரிவு, ஒருவரைத் தொந்தரவு செய்யும் நோக்கோடு அவரது தனிப்பட்ட தகவலை வெளியிடுவதைக் குற்றமாக்குகிறது. அந்தரங்கமாகவே இருக்குமென நியாயமாக எதிர்பார்க்கக்கூடிய படமும் காணொளியும் அதில் அடங்கும். படத்தை முதலில் எடுத்தவர் யார் என்று அப்பிரிவு கேட்பதில்லை. நோக்கம் நிரூபிக்கப்பட வேண்டும் என்பது உண்மைதான். ஆனால் அது வேறு கேள்வி. இந்தச் சட்டத்திற்கு வெகு முன்பிருந்தே, சொல்லாலோ செயலாலோ பாலியல் தொந்தரவு விளைவிப்பவருக்குத் தண்டனைச் சட்டக்கோவையின் 345ஆம் பிரிவு 5 ஆண்டுகள் வரையான சிறைத்தண்டனையை விதிக்க இடமளிக்கிறது.

பாராளுமன்ற இணையத்தளத்தில் 2024ஆம் ஆண்டுச் சட்டத்தின் தமிழ்ப் பிரதியைத் திறந்து, 20ஆம் பிரிவையும் சொற்களுக்கான விளக்கங்களையும் சேர்த்து வாசித்தால் எவரும் இதைச் சரிபார்க்கலாம். ஒரு லயத்தில் (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளில்) பகிரப்பட்ட படம் பொழுது சாய்வதற்குள் அடுத்த தோட்டத்தை எட்டிவிடுகிற நம் மலையகத்தில், "சட்டத்தில் இடமில்லை" என்ற பேச்சை நம்பித்தான் பல வீடுகளில் முறைப்பாடே செய்யாமல் இருந்துவிடுகிறார்கள்.