பியாசோலா அந்த விமானத்தில் ஏறவே இல்லை

அர்ஜென்டினாவின் இசையமைப்பாளர் ஆஸ்டர் பியாசோலா, 1935-இல் பாடகர் கார்லோஸ் கார்டெல் இறந்த விமான விபத்தில் உயிர்தப்பியவர் என்றும், பின்னர் தாமே கண்டுபிடித்த புதுவகை அக்கார்டியனில் (துருத்தியை விரித்துச் சுருக்கி வாசிக்கும் கருவி) டாங்கோ என்னும் அர்ஜென்டினா நடன இசையை வாசித்தார் என்றும் ஒரு செய்தி வாட்ஸ்அப்பில் பகிரப்பட்டு வருகிறது. இரண்டுமே தவறு.

நியூயார்க்கில் வளர்ந்த சிறுவன் பியாசோலா, கார்டெலின் படமொன்றில் செய்தித்தாள் விற்கும் பையனாகச் சிறு வேடத்தில் நடித்தது உண்மை. தம் பயணத்தில் சேர்ந்துகொள்ளுமாறு கார்டெல் அழைத்தபோது, மகனுக்கு வயது போதாது என்று தந்தை மறுத்துவிட்டார். 1935 ஜூன் 24 அன்று கொலம்பியாவின் மெடலினில் விபத்து நேர்ந்தபோது பியாசோலா அங்கே இல்லை.

அவர் வாசித்தது பாண்டோனியன். அக்கார்டியனுக்கு உறவான அக்கருவி, அவர் பிறந்த 1921-க்கு வெகு முன்பே, 19-ஆம் நூற்றாண்டு ஜெர்மனியில் உருவாகி, ஹைன்ரிஷ் பாண்ட் என்பவரின் பெயரால் வழங்கலாயிற்று. பியாசோலாவின் கச்சேரிக் காணொளிகளைப் பாருங்கள்: நின்றபடி ஒரு காலை உயர்த்தி வைத்து, தொடைமேல் கருவியைத் தாங்கி விரிப்பார், பியானோக் கட்டைகள் இரா, இருபுறமும் பொத்தான்கள்தாம். பழைய வகைப் பாண்டோனியனில் ஒரே பொத்தான் துருத்தியை விரிக்கையில் ஒரு சுரமும் சுருக்குகையில் வேறொரு சுரமும் தரும் என்பதால், அதில் தேர்ச்சி பெறுவது எளிதன்று.

பியாசோலாவின் உண்மையான புதுமை இசையில்தான் இருக்கிறது. 1954-இல் பாரிஸில் இசை ஆசிரியை நாடியா பூலான்ஷேயிடம் பயின்று திரும்பியவர், டாங்கோவில் ஜாஸையும் ஃபியூக் (ஒரே மெட்டைப் பல குரல்கள் ஒன்றன்பின் ஒன்றாக எடுத்துப் பின்னுவது) வடிவத்தையும் இணைத்தார். இயக்குநர் பெர்னாண்டோ சோலனாஸின் டாங்கோ படத்துக்கான இசைக்கு 1986-இல் பிரான்சின் சீசர் திரைப்பட விருது கிடைத்தது. விருதுப் பட்டியலிலேயே இதைச் சரிபார்க்கலாம்.

அச்செய்தி உங்களுக்கு வந்தால், தயவுசெய்து மேலும் பகிராதீர்கள். அனுப்பியவருக்கும் இதைத் தெரிவியுங்கள்.