மண்ணுளிப் பாம்புக்கு ஒரு தலைதான், கோடி ரூபாய் விலையும் பொய்

“ஆறு மாதம் இந்தத் தலை, ஆறு மாதம் அந்தத் தலை, விற்றால் கோடி ரூபாய்” என்று மண்ணுளிப் பாம்பைக் காட்டும் வீடியோ வேலூர், அணைக்கட்டு பக்கத்து வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றுகிறது. இரண்டுமே பொய்.

இந்தப் பாம்பின் வால் கூராகாமல் மொட்டையாக முடியும். மிரண்டால் தலையைச் சுருளுக்குள் ஒளித்துக்கொண்டு வாலைத் தூக்கிக் காட்டும். எதிரியின் கடி வாலோடு போகட்டும் என்றுதான். கிட்டத்தில் எடுத்த நல்ல காட்டுயிர்ப் படம் ஒன்றை நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். நாக்கு ஒரு முனையில்தான் வந்து போகும். கண்ணும் அங்கேதான். மறுமுனையில் கண் மாதிரித் தெரிந்தால், அது சூடு வைத்த தழும்பாக இருக்கலாம். விற்பதற்காக அந்தக் கொடுமையையும் செய்கிறார்கள்.

மருந்தாகும், புதையல் காட்டும், அதிர்ஷ்டம் தரும் என்கிற எதற்கும் ஆதாரம் இல்லை. விஷமும் கிடையாது. மல்லாட்டைக் கொல்லையில் எலியைத் தின்று விவசாயிக்கு உதவுகிற உயிர் அது. 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி அதைப் பிடிப்பதும் விற்பதும் குற்றம்.

சரி, படம் எடுக்கிற நம்ம ஊர்ப் பிள்ளைகளுக்கு ஒன்று. அந்த வால் வித்தையைக் காட்டுங்கள், பொய் அங்கேயே உடையும். ஆனால் பாம்பைக் கையில் தூக்காதீர்கள். இடத்தின் பெயர், மேப் லொகேஷன் எதையும் போடாதீர்கள். பிடிக்க வருகிறவன் அதைத்தான் தேடுகிறான். பாம்பு வீட்டுக்குள் வந்துவிட்டால் வனத்துறைக்கோ தீயணைப்பு நிலையத்துக்கோ சொல்லுங்கள்.