எரிக் ஃபோனரின் வரலாறு சார்புள்ளதா?

அமெரிக்க வரலாற்றாசிரியர் எரிக் ஃபோனர் பெயரை எடுத்தாலே யாராவது ஒருவர் "அவர் இடதுசாரிக் குடும்பத்துப் பையன், அவர் எழுதும் வரலாறு வேறு எப்படி இருக்கும்" என்று ஆரம்பித்துவிடுகிறார்கள். குடும்பம் அப்படித்தான், உண்மை. 1940களின் தொடக்கத்தில் நியூயார்க்கில் அரசியல் காரணத்துக்காக வேலை பறிக்கப்பட்ட ஆசிரியர்களில் அவருடைய அப்பாவும் அப்பாவின் இரட்டைச் சகோதரரும் உண்டு, இருவருமே வரலாற்றாசிரியர்கள். ஆனால் குடும்பத்தைப் பார்ப்பவர்கள் அவர் உழைப்பை ஏன் பார்ப்பதில்லை என்பதுதான் என் ஆதங்கம்.

அமெரிக்க உள்நாட்டுப் போர் முடிந்த 1865இலிருந்து 1877 வரை, தோற்ற தென் மாநிலங்களை மீண்டும் நாட்டோடு இணைத்த மறுகட்டமைப்புக் காலத்தில்தான் முன்னாள் அடிமைகள் தெற்கில் வாக்களித்தார்கள், சட்டமன்றத்தில் உட்கார்ந்தார்கள், அரசுப் பள்ளிகள் தொடங்கச் சட்டம் போட்டார்கள். அந்தப் பன்னிரண்டு வருடத்தை ஊழல், கூத்து, கறுப்பர்களுக்கு வாக்குரிமை கொடுத்ததே தப்பு என்று பல பத்தாண்டுகளாக அமெரிக்கா முழுக்கப் பாடமாக நடத்தினார்கள். அந்தக் கதையை மாநிலம் மாநிலமாக எழுதியவர்கள் கொலம்பியா பல்கலைக்கழகத்தின் வில்லியம் டன்னிங்கும் அவருடைய மாணவர்களும். கறுப்பின அறிஞர் டு போய்ஸ் 1935இலேயே அதை மறுத்து ஒரு பெரும் நூல் எழுதினார், துறைக்குள் பெரிய பேராசிரியர்கள் அதைக் கண்டுகொள்ளவே இல்லை. ஃபோனர் படித்தது, வரலாற்றாசிரியர் ஹோஃப்ஸ்டாட்டரிடம் முனைவர் பட்டம் வாங்கியது, 2018இல் ஓய்வுபெறும் வரை பல பத்தாண்டுகள் கற்பித்தது எல்லாம் அதே கொலம்பியாவில்.

பள்ளியில் அவருடைய ஆசிரியை, கறுப்பர்களுக்கு வாக்குரிமை தந்த 1867 சட்டம் நாட்டின் மிக மோசமான சட்டங்களில் ஒன்று என்று சொல்ல, பையன் எழுந்து மறுத்திருக்கிறான். அப்படியானால் நாளைக்கு நீயே பாடம் நடத்து என்றாராம் ஆசிரியை. அப்பாவின் உதவியோடு நடத்தியும் விட்டான்.

சரி, சிறுவயதுப் பிடிவாதம் மட்டும் ஒருவரை வரலாற்றாசிரியர் ஆக்கிவிடாது. 1970களின் கடைசியில் தென் கரோலினா ஆவணக்காப்பகத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட பெட்டிகளில் அந்தக் கால ஆளுநர்களுக்கு வந்த கடிதங்கள் ஃபோனருக்குக் கிடைத்தன. பெரிய மனிதர்களின் சொற்பொழிவுகள் இல்லை. கூலி கிடைக்கவில்லை, நிலம் வேண்டும், இரவில் வந்து அடிக்கிறார்கள் என்று கறுப்பு விவசாயியும் ஏழை வெள்ளைக்காரரும் எழுதிய கடிதங்கள். ஆளத் தெரியாதவர்கள் என்று பாடப்புத்தகம் சொன்ன ஜனங்கள், வாக்குரிமை கையில் வந்ததும் அரசாங்கத்திடம் என்ன கேட்க வேண்டும் என்று துல்லியமாகத் தெரிந்து வைத்திருந்தார்கள். இந்தக் கடிதங்களைப் படித்துவிட்டுப் பழைய கதையையே சொல்லியிருந்தால் அதுதான் சார்பு.

1988இல் வந்த அவருடைய மறுகட்டமைப்பு வரலாறு இந்த அடித்தளத்தில் நிற்கிறது. அதைவிட எனக்குப் பிடித்தது 1993இல் அவர் வெளியிட்ட ஒரு விவரத் தொகுப்பு. அந்தக் காலத்தில் பதவி வகித்த சுமார் 1,500 கறுப்பர்களின் வாழ்க்கைக் குறிப்புகள், ஒவ்வொருவராகத் தேடிச் சேர்த்தது. 1862இல் சார்ல்ஸ்டன் துறைமுகத்திலிருந்து தெற்குப் படையின் கப்பலையே ஓட்டிக்கொண்டு குடும்பத்தோடு தப்பி, பிற்பாடு அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் உறுப்பினரான ராபர்ட் ஸ்மால்ஸ் அதில் உண்டு. ஊர்ப் பதவி மட்டும் வகித்து மறக்கப்பட்டவர்களும் உண்டு. சார்பு என்பவர்கள் அந்தக் குறிப்புகளில் எது பொய் என்று எடுத்துக் காட்டட்டும், அப்புறம் பேசலாம்.