ஒட்டோகு கெய்ஷா அல்ல

‘ஜாங்கிகு மொனோகதாரி’ படத்தின் நாயகி ஒட்டோகு ஒரு கெய்ஷா (ஆடல், பாடலால் விருந்தினரை மகிழ்விக்கும் ஜப்பானியக் கலைஞி), அதனால்தான் நடிகர் குடும்பம் அவளை ஏற்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். அப்படி இல்லைங்க. ஜப்பானிய இயக்குநர் மிசோகுச்சியின் இந்த 1939 படத்தில் கெய்ஷாக்கள் வருகிறார்கள், ஆனால் அவர்கள் வேறு. ஒட்டோகு, நாயகன் கிகுனோசுகேயின் வீட்டுக் கைக்குழந்தைக்குப் பால் கொடுக்கும் தாதி.

இந்த வித்தியாசத்தில்தான் கதையே இருக்கிறது. கபுகி என்னும் ஜப்பானிய மரபு நாடகத்தின் பெரிய நடிகருக்கு வளர்ப்பு மகன் என்பதால், கிகுனோசுகே எவ்வளவு மோசமாக நடித்தாலும் முகத்துக்கு நேரே புகழ்கிறார்கள். இரவில் குழந்தையோடு நடந்துவரும்போது ஒட்டோகுதான் உண்மையைச் சொல்கிறாள். கேமராவும் தாழ்வாக இருந்தபடி, வெட்டே இல்லாமல் கூடவே நகர்கிறது. அப்புறம் அடுக்களையில் அவன் தர்பூசணி அறுத்து அவளுக்கும் கொடுப்பான் பாருங்கள், அந்தக் காட்சிக்காகவே நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன்.

வேலைக்காரி வாரிசை வளைத்துப்போட்டாள் என்று ஊர் பேசும், அந்தப் பயத்தில்தான் அவளை அனுப்பிவிடுகிறார்கள். அவனும் வீட்டைவிட்டுப் போய்விடுகிறான். பல வருடம் கழித்து அவனைத் திரும்பச் சேர்த்துக்கொள்வதற்கும் அவள் விலகவேண்டும் என்பதுதான் நிபந்தனை. ஒசாகாவில் படகு ஊர்வலத்தில் அவன் கூட்டத்துக்குத் தலைவணங்குகிற நேரத்தில், அவள் உயிர் போகிறது.